தோற்றவர் தட்டிய கைகள்

2025 செப்டம்பர் 14 அன்று துபாயில் நடைபெற்ற ஆசியக் கோப்பை ஆட்டத்தில் இந்திய அணி பாகிஸ்தானை வென்றது. ஆட்டம் முடிந்ததும் இரு அணியினரும் கைகுலுக்காமலே பிரிந்து சென்றனர். அவ்வாண்டு ஏப்ரல் மாதம் பகல்காமில் 26 பேர் சுட்டுக் கொல்லப்பட்ட துயரம் நாட்டின் நெஞ்சில் ஆறாதிருந்த நேரம் அது. மறுநாள் காலைத் திருப்பலி முடிந்து வெளியே வந்தபோது பங்கு இளைஞர் ஒருவர், "ஃபாதர், கை கொடுக்காதது சரியா, தப்பா?" என்று கேட்டார்.

நான் உடனே பதில் சொல்லவில்லை. கணவனைப் பறிகொடுத்தவளின் கண்ணீர் காயாத நாளில் ஒரு விளையாட்டு வீரன் எவ்வாறு நடந்துகொள்ள வேண்டும் என்று குருமனையில் அமர்ந்து தீர்ப்பு எழுதுவது மிக எளிது. எளிது என்பதனாலேயே அதைச் செய்ய அஞ்சினேன். மேலும், அக்கேள்வியைக் கேட்ட மாத்திரத்தில் என் மனம் துபாயை விட்டு அகன்று, 26 ஆண்டுகளுக்கு முந்திய ஒரு ஞாயிற்றுக்கிழமைக்குப் போய்விட்டது. அந்த ஞாயிற்றுக்கிழமையை நினைக்கும்போதெல்லாம் எனக்குள் ஒரு பெருமையும் ஒரு வெட்கமும் சேர்ந்தே எழுகின்றன. பெருமை, சென்னை சேப்பாக்கம் மைதானத்தில் கூடியிருந்த மக்களைப் பற்றியது. வெட்கம் என்னைப் பற்றியது.

1999 சனவரியில் வாசிம் அக்ரம் தலைமையில் பாகிஸ்தான் அணி இந்தியாவுக்கு வந்தது. 1987-க்குப் பிறகு அந்த அணி டெஸ்ட் ஆட்டங்களுக்காக நம் மண்ணில் கால் வைத்தது அப்போதுதான். அவர்கள் வரக் கூடாது என்று கூச்சலிட்டவர்கள் பலர். டெல்லி பெரோஸ் ஷா கோட்லா மைதானத்தின் ஆடுகளம் இரவோடு இரவாகத் தோண்டப்பட்டது. மும்பையிலிருந்த கிரிக்கெட் வாரிய அலுவலகம் சூறையாடப்பட்டது. முதல் டெஸ்ட் டெல்லியில் நடக்க வேண்டியது, சென்னைக்கு மாற்றப்பட்டது. அச்சத்தின் நடுவே வந்திறங்கிய அந்த அணிக்கு மேலாளராக இருந்தவர் பாகிஸ்தானின் முன்னாள் வெளியுறவுச் செயலர் ஷகர்யார் கான். அவர் 1934-இல் போபாலில் பிறந்தவர். தாம் பிறந்த மண்ணுக்கே அயல்நாட்டு விருந்தினராக, காவல் துறையின் பாதுகாப்போடு வந்து போக வேண்டிய நிலை அவருக்கு. நாட்டுப் பிரிவினை எத்தனை ஆயிரம் மனிதர்களை இப்படிச் சொந்த வீட்டிலேயே அந்நியராக்கிற்று!

அப்போது நான் குருப்பட்டம் பெற்று இரண்டாண்டுகள் நிறைவுற்ற உதவிப் பங்குத்தந்தை. எங்கள் பங்கு தென்மாவட்டச் சிற்றூர் ஒன்று. ஆலயத்துக்கு எதிரே சைக்கிள் கடை வைத்திருந்த பாய் குடும்பத்தோடு எங்களுக்கு நல்ல உறவு இருந்தது. அம்மாதம் ரம்ஜான் பெருநாளன்று அவர் வீட்டிலிருந்து குருமனைக்குப் பிரியாணி வந்தது. கிறிஸ்துமஸ் அன்று இங்கிருந்து அங்கே கேக்கும் முறுக்கும் போயிருந்தன. பாயின் மகனுக்குப் பதினேழு வயதிருக்கும். குருமனைக் கூடத்திலிருந்த தொலைக்காட்சியில் பங்கு இளைஞர்களோடு சேர்ந்து கிரிக்கெட் பார்க்க அவன் வருவான். சன்னலோரம் அவனுக்கென்றே ஓர் இடம் உண்டு.

சனவரி 28, வியாழக்கிழமை சென்னையில் ஆட்டம் தொடங்கிற்று. முதல் இன்னிங்ஸில் பாகிஸ்தான் 238 ஓட்டங்களுக்கு ஆட்டமிழந்தது. அந்த 238-இல் 53 ஓட்டங்கள் எடுத்தவர் யூசுப் யோகானா என்னும் இளம் ஆட்டக்காரர். லாகூரைச் சேர்ந்த ஏழைக் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவர். 2005-இல் அவர் இசுலாத்தைத் தழுவி முகமது யூசுப் ஆனார். அன்றைக்கு அவர் கிறிஸ்தவர். அவர் அரைச் சதம் கடந்தபோது நான் வெளிப்படையாகவே மகிழ்ந்தேன். "நம்ம ஆள்" என்று சொன்னேன். கூடத்திலிருந்தவர்கள் சிரித்தார்கள். என் நாட்டுப்பற்றை எவரும் ஐயுறவில்லை. இந்தச் சிறு செய்தியை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

சனவரி 31 ஞாயிற்றுக்கிழமை, ஆட்டத்தின் நான்காம் நாள். பொதுக்காலத்தின் நான்காம் ஞாயிறாகிய அன்று வாசிக்கப்பட்ட நற்செய்தி, மலைமேல் ஆண்டவர் அருளிய பேறுகள். அதற்கு முந்திய வாரத்தில்தான் ஒடிசாவின் மனோகர்பூர் கிராமத்தில், தொழுநோயாளரிடையே பணியாற்றிய ஆஸ்திரேலிய மறைப்பணியாளர் கிரகாம் ஸ்டெயின்சும் அவருடைய இரண்டு சிறு மகன்களும் வாகனத்துக்குள் உறங்கிக்கொண்டிருந்தபோது உயிரோடு எரிக்கப்பட்டார்கள். பிலிப்புக்கு வயது 10, திமோத்திக்கு 6. கணவரையும் பிள்ளைகளையும் இழந்த கிளாடிஸ் அம்மையார், கொன்றவர்களை மன்னிப்பதாக அறிவித்தார். நான் அன்றைய மறையுரையில் அந்த அம்மையாரைப் பற்றிப் பேசினேன். சமாதானம் செய்பவர்களைக் குறித்த ஏழாம் பேற்றுக்கு அவர்தாம் நம் நாட்டில் எழுதப்பட்ட உரை என்றேன். மக்கள் கண்ணீர் விட்டார்கள். மறையுரை நன்றாக அமைந்தது என்னும் நிறைவோடு குருமனைக்குத் திரும்பித் தொலைக்காட்சியின் முன் அமர்ந்தேன்.

வெற்றிக்கு 271 ஓட்டங்கள் தேவை. இந்திய அணி 82 ஓட்டங்களுக்குள் 5 விக்கெட்டுகளை இழந்திருந்தது. அதன் பிறகு சச்சின் டெண்டுல்கரும் நயன் மோங்கியாவும் சேர்ந்து ஆடியது, ஆட்டம் அறியாதவர்களையும் கட்டிப்போடக்கூடிய ஆட்டம். டெண்டுல்கருக்கு முதுகுவலி. ஒவ்வொரு அடிக்குப் பிறகும் வலியால் முகம் சுளித்தார், ஆயினும் ஆடுகளத்தை விட்டு அகலவில்லை. 52 ஓட்டங்களோடு மோங்கியா வெளியேறிய பின்னும் அவர் நின்றார். 136 ஓட்டங்கள் எடுத்து, இன்னும் 17 ஓட்டங்களே வேண்டும் என்ற நிலையில், சக்லைன் முஷ்தாக்கின் பந்தை உயரத் தூக்கி அடித்தார். வாசிம் அக்ரம் அதைப் பிடித்துவிட்டார். எஞ்சிய மூன்று விக்கெட்டுகளும் நான்கே ஓட்டங்களில் சரிந்தன. 258 ஓட்டங்களில் எல்லாம் முடிந்தது. தோல்விக்கும் வெற்றிக்கும் இடைவெளி 12 ஓட்டங்கள்.

எங்கள் கூடத்தில் ஒரு சாவு வீட்டின் அமைதி. அப்போது என் கண்கள் சன்னலோரத்துக்குப் போயின. ஏன் போயின என்பதற்கு இன்றுவரை என்னால் மறுமொழி சொல்ல இயலவில்லை. பையன் தலை கவிழ்ந்து உட்கார்ந்திருந்தான். என் வாயிலிருந்து இந்தச் சொற்கள் வந்தன:

"என்ன தம்பி, இப்போ சந்தோஷம்தானே?"

அவன் நிமிர்ந்து என்னைப் பார்த்தான். ஒன்றும் சொல்லாமல் எழுந்து, வாசலில் கிடந்த செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டான். நான் தொலைக்காட்சியை நிறுத்திவிட்டு என் அறைக்குச் சென்றேன். ஆகவே, அந்தப் பிற்பகலில் சேப்பாக்கத்தில் அடுத்து நடந்ததை நான் காணவில்லை.

மறுநாள் காலை என் பங்குத்தந்தை, வயது முதிர்ந்தவர், நாளிதழை என்னிடம் நீட்டி, "படியும்" என்றார். படித்தேன். கடைசி விக்கெட் விழுந்ததும் மைதானம் திகைத்து உறைந்திருக்கிறது. பிறகு எங்கோ ஒரு மூலையில் கைதட்டல் எழுந்து, வரிசை வரிசையாகப் பரவி, பல்லாயிரவர் எழுந்து நின்று பாகிஸ்தான் வீரர்களை வாழ்த்தியிருக்கிறார்கள். அவ்வீரர்கள் மைதானத்தைச் சுற்றி ஓடி அந்த வாழ்த்தை ஏற்றுக்கொண்டிருக்கிறார்கள். ஆட்ட நாயகனாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட டெண்டுல்கர் துயரத்தால் பரிசு பெறக்கூட வெளியே வரவில்லை. தங்கள் நாயகன் உள்ளே அழுதுகொண்டிருக்க, வெளியே மக்கள் வந்தவர்களை வாழ்த்திக்கொண்டிருந்தார்கள்.

இதழை மடித்து வைத்துவிட்டு, முந்திய நாள் நடந்ததைப் பங்குத்தந்தையிடம் சொன்னேன். அவர் நெடுநேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "நேற்று ஐந்தாம் அதிகாரத்தின் தொடக்கத்தைப் பிரசங்கம் பண்ணினீர். அதே அதிகாரத்தில் இன்னும் கொஞ்சம் கீழே போய்ப் பாரும். காணிக்கையைப் பீடத்தண்டை வைத்துவிட்டு முதலில் எங்கே போகச் சொல்லியிருக்கிறது?" என்று கேட்டார்.

சாலையைக் கடக்க எனக்கு மாலை வரை ஆயிற்று. முப்பது அடி அகலச் சாலைதான் அது. பாய் ஒரு சக்கரத்தைக் கழற்றிக்கொண்டிருந்தார். மகன் பின்னால் காற்றடித்துக்கொண்டிருந்தான். நான் பாயிடம், "நேற்றுத் தம்பியிடம் சொல்லக் கூடாத ஒரு வார்த்தை சொல்லிவிட்டேன், மன்னிப்புக் கேட்க வந்தேன்" என்றேன். அவருக்கு விவரம் தெரிந்திருந்தது.

"விடுங்க சாமி. எங்களுக்கு இது பழகிப்போச்சு" என்றார்.

அவர் கோபமாகச் சொல்லவில்லை. எனக்கு ஆறுதலாகவே சொன்னார். ஆனால், 'பழகிப்போச்சு' என்ற அந்த ஒற்றைச் சொல் என்னை இறையியல் நூல்கள் எவையும் தாக்காத இடத்தில் தாக்கிற்று. பையன் காற்றடிப்பதை நிறுத்தாமலே சொன்னான்: "டெண்டுல்கர் அவுட் ஆனப்போ நான் அழுதேன் சாமி. நீங்க பாக்கல."

உண்மைதான், நான் பார்க்கவில்லை. கவிழ்ந்த தலையைத்தான் பார்த்தேன். அந்தத் தலைக்குள் இருந்ததை நானே எழுதிக்கொண்டேன். வியாழக்கிழமை பாகிஸ்தான் அணியில் ஒரு கிறிஸ்தவர் ஓட்டம் குவித்தபோது வாய்விட்டு மகிழ்ந்தவன் நான். ஞாயிற்றுக்கிழமை இந்தியா தோற்றபோது அழுதவன் அவன். சந்தேகத்துக்கு ஆளானவன் அவன், சந்தேகித்தவன் நான். அந்த டெஸ்டில் இந்திய அணியின் தலைவரே ஐதராபாத்து முகமது அசாருதீன்தான் என்பதுகூட அந்த நொடியில் எனக்கு உறைக்கவில்லை. காலையில் கிளாடிஸ் அம்மையாரின் மன்னிப்பை எடுத்துரைத்த அதே வாய், 12 ஓட்டத் தோல்வியைத் தாங்க முடியாமல் ஒரு பிள்ளையைக் குற்றவாளியாக்கிற்று.

குருமடத்தில் இலத்தீன் கற்பித்த ஆசிரியர் ஒருவர் அடிக்கடி ஒரு சொல்லாராய்ச்சி சொல்வார். விருந்தினரைக் குறிக்கும் 'ஹோஸ்பெஸ்' என்ற சொல்லும் பகைவரைக் குறிக்கும் 'ஹோஸ்டிஸ்' என்ற சொல்லும் ஒரே வேரில் கிளைத்தவையாம். வாசலில் வந்து நிற்கும் அந்நியன் விருந்தினனா, பகைவனா என்பது பல வேளைகளில் வீட்டிலிருப்பவன் எழுந்து நிற்கும் விதத்தைப் பொறுத்தது என்பார் அவர். நம் தமிழிலோ 'விருந்து' என்ற சொல்லுக்கே புதுமை என்பது பழைய பொருள். புதிதாக வந்தவன் எவனோ அவனே விருந்து. சேப்பாக்கத்தில் எழுந்து நின்றவர்கள் இதையெல்லாம் ஆராய்ந்து எழுந்திருக்க மாட்டார்கள். ஆனால், எவரும் கட்டளையிடாமல், தங்கள் தோல்வியின் கசப்பு நாவில் இருக்கும்போதே, அவர்கள் அந்த முடிவை எடுத்தார்கள். வென்றவன் கைகொடுப்பது பண்பாடு. தோற்றவன் கைதட்டுவதற்குத் தன்னை ஒறுக்க வேண்டியிருக்கிறது. பகைவரை நேசியுங்கள் என்னும் ஆண்டவரின் கட்டளையை நாம் உணர்ச்சியைப் பற்றிய கட்டளையாக எண்ணி, அந்த உணர்ச்சி வருமென்று காத்திருக்கிறோம். அன்று அவர்கள் காத்திருக்கவில்லை, எழுந்து நின்றார்கள். உள்ளம் பின்னால் வந்து சேர்ந்திருக்கும்.

இதைக் கொண்டு சென்னையின் பெருமை பேசி முடித்துவிடுவது நேர்மையாகாது. அதே சுற்றுப்பயணத்தில் பிப்ரவரி 7 அன்று டெல்லியில் அனில் கும்ப்ளே ஒரே இன்னிங்ஸில் 74 ஓட்டங்கள் கொடுத்துப் பத்து விக்கெட்டுகளையும் வீழ்த்தினார். இந்தியா வென்றது. எங்கள் கூடம் அதிர்ந்தது. சன்னலோரம் மட்டும் காலியாக இருந்தது. அதன் பின் கொல்கத்தாவில் நடந்த ஆட்டத்தில் டெண்டுல்கர் ரன் அவுட் ஆனதால் கொதித்த கூட்டம் மைதானத்துக்குள் பொருள்களை வீச, கடைசி நாளான பிப்ரவரி 20 அன்று பார்வையாளர்கள் வெளியேற்றப்பட்டு, வெற்று இருக்கைகளின் முன் பாகிஸ்தான் வென்றது. அதே நாளில்தான் பிரதமர் வாஜ்பாய் பேருந்தில் வாகா எல்லையைக் கடந்து லாகூர் சென்றார். ஒரே நாள், ஒரே நாடு. ஓரிடத்தில் கதவு திறந்தது, ஓரிடத்தில் மூடிற்று. சென்னைக் கூட்டத்தை ஆக்கிய மண்ணும் கொல்கத்தாக் கூட்டத்தை ஆக்கிய மண்ணும் வேறல்ல. ஒரே நாளின் காலையும் பிற்பகலும் ஒரே குருவின் வாயில் வேறுபட்டதை நான் அறிவேனே!

மூன்று மாதங்களில் கார்கில் போர் வந்தது. திருச்சிராப்பள்ளியைச் சேர்ந்த மேஜர் மாரியப்பன் சரவணன் மே 29 அன்று பட்டாலிக் பகுதியில் வீரமரணம் அடைந்தார். சேப்பாக்கத்தின் கைதட்டல் ஒரு துப்பாக்கிக் குண்டைக்கூடத் தடுத்து நிறுத்தவில்லை. அப்படியானால் அதனால் என்ன பயன் என்று கேட்பவர் கேட்கலாம். நானும் கேட்டுக்கொண்டேன்.

அந்தப் போரின் நடுவே, ஜூன் 8 அன்று, இங்கிலாந்தின் மான்செஸ்டரில் உலகக் கோப்பை ஆட்டம். இந்தியாவும் பாகிஸ்தானும் மோதின. மலையில் வீரர்கள் மடிந்துகொண்டிருந்த வேளை. ஊரில் எவரும் இயல்பாகப் பேசவில்லை. பாய் கடையில் வழக்கமாக உட்கார்ந்து கதைக்கும் சிலர் அந்த நாள்களில் அங்கே போவதைத் தவிர்த்தார்கள். அன்று பிற்பகல் நான் மீண்டும் அந்த முப்பது அடிச் சாலையைக் கடந்தேன். "தம்பி, ஆட்டம் பார்க்க வா. அத்தாவையும் கூட்டிக்கொண்டு வா" என்றேன். பையன் தன் தந்தையைப் பார்த்தான். அவர் சிறிது நேரம் கைகளைத் துடைத்துக்கொண்டிருந்தார். பிறகு கடைப் பலகைகளை எடுத்து மாட்டத் தொடங்கினார்.

இருவரும் வந்தார்கள். கூடத்துக்குள் நுழைந்தபோது ஒரு கணம் பேச்சு நின்றது. பின்பு ஓர் இளைஞன் சன்னலோரத்திலிருந்து நகர்ந்து உட்கார்ந்தான். அவ்வளவுதான் நடந்தது. இந்தியா 47 ஓட்டங்களில் வென்றது. வெங்கடேஷ் பிரசாத் 5 விக்கெட் எடுத்தார். பையன் மற்றவர்களோடு சேர்ந்து குதித்தான். அவன் மகிழ்ச்சியை அளந்து பார்க்க அன்று யாரும் அவன் பக்கம் திரும்பவில்லை. எனக்கு அதுவே பெரிய அருளாகப் பட்டது. சேப்பாக்கத்தில் எழுந்த கைதட்டல் போரைத் தடுக்கவில்லை. ஆனால், நாளிதழில் அதைப் படித்திராவிட்டால் நான் சாலையைக் கடந்திருக்க மாட்டேன். பேறுகளின் ஆட்சி கடுகளவாகத்தான் வரும் என்று ஆண்டவர் முன்பே சொல்லியிருக்கிறார்.

அந்த விதை வேறோரிடத்திலும் முளைத்ததை 2004-இல் கண்டோம். பதினான்கு ஆண்டுகளுக்குப் பிறகு இந்திய அணி டெஸ்ட் தொடர் உள்ளிட்ட முழுமையான சுற்றுப்பயணமாகப் பாகிஸ்தான் சென்றது. மார்ச் 13 அன்று கராச்சியில் பாகிஸ்தான் 5 ஓட்டங்களில் தோற்றபோது அந்த ஊர் மக்கள் இந்திய அணியைக் கைதட்டி வாழ்த்தினார்கள். சென்னையைச் சேர்ந்த இலட்சுமிபதி பாலாஜி அங்கே மக்களின் செல்லப்பிள்ளையானார். அவர் பெயரைப் பாட்டாகவே பாடினார்கள். இந்தியா டெஸ்ட் தொடரை 2-1 என வென்று திரும்பியது. அந்தக் காலமும் முடிந்தது. 2007 டிசம்பருக்குப் பின் இவ்விரு நாடுகளும் டெஸ்ட் ஆட்டம் ஆடவில்லை. 2013 சனவரியில் முடிந்த ஒரு சிறு பயணத்துக்குப் பின் ஓர் அணி மற்றோர் அணியின் நாட்டுக்கு இருதரப்புத் தொடர் ஆடச் செல்லவுமில்லை. இந்தப் பிரிவுக்குக் காரணமான குருதியை எளிதாக மறந்துவிடச் சொல்ல எனக்கு உரிமை இல்லை. நாடுகளின் வாசலைத் திறக்கும் திறவுகோல் பங்குக் குருக்களிடமும் பங்கு மக்களிடமும் இல்லை. நம் கையில் இருப்பது சாலையின் மறுபக்கத்துக்குச் செல்லும் முப்பது அடி.

கேள்வி கேட்ட இளைஞருக்கு அன்று மாலை இந்தக் கதை முழுவதையும் சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அப்போ என் கேள்விக்குப் பதில், ஃபாதர்?" என்றார்.

"அது துபாயில் ஆடியவர்கள் சொல்ல வேண்டிய பதில்" என்றேன். "உம்மிடம் நான் கேட்பது வேறு. அன்றைக்கு ஆட்டத்தை யாரோடு உட்கார்ந்து பார்த்தீர்?"

அவர் சற்று யோசித்தார். பிறகு, "எல்லாரும் நம்ம பசங்கதான், ஃபாதர்" என்றார்.